காலிக் குளமும் கையில் கேமராவும்

ஸ்டேசி பெரால்டா இயக்கிய ஆவணப்படங்களை, அவை வெளிவந்த வரிசையிலேயே அண்மையில் மீண்டும் பார்த்தேன். ஸ்கேட்போர்டு, அலைச்சறுக்கு என்னும் இரண்டு உலகங்களையும் அவற்றைத் தொடங்கிவைத்தவர்களையும் பற்றியே பெரும்பாலும் படமெடுத்துவரும் அமெரிக்கர் அவர். துணைப்பண்பாடுகளைப் படமாக்குகிறவர்கள் பொதுவாக வெளியிலிருந்து உள்ளே நுழைகிறவர்கள். கேமராவோடு போய், கொஞ்ச காலம் கூடவே இருந்து, அங்குள்ளவர்களின் நம்பிக்கையைப் பெற்று, பிறகு வெளியே வந்து நமக்குக் கதை சொல்கிறவர்கள். பெரால்டாவின் நிலை வேறு. அவர் படமெடுக்கும் கூட்டத்தில் அவரும் ஓர் ஆள். முன்னோடிகள் என்று அவர் காட்டும் வரிசையில் அவருடைய முகமும் இருக்கிறது. இது அவருக்குப் பெரிய வசதி, அதே அளவுக்குப் பெரிய சிக்கல். ஒருவர் முன்னோடி ஆவது முதலில் செய்ததாலா, அல்லது செய்த நேரத்தில் கேமராவோடு ஒரு நண்பன் பக்கத்தில் நின்றதாலா என்ற கேள்வி இந்தப் படங்களைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு எழுகிறது. அதற்கான பதிலில் பாதியைப் படங்களே, தாம் சொல்வது தெரியாமல், சொல்லிவிடுகின்றன என்பது என் எண்ணம்.

2001இல் வெளிவந்த 'டாக்டவுன் அண்ட் ஸீ-பாய்ஸ்' அவருடைய பெயரை நிலைநாட்டிய படம். அந்த ஆண்டு அமெரிக்காவின் சன்டான்ஸ் திரைப்பட விழாவில் ஆவணப்படப் பிரிவில் இயக்கத்துக்கான விருதையும் பார்வையாளர் விருதையும் அது சேர்த்தே பெற்றது. லாஸ் ஏஞ்சலஸை ஒட்டிய சான்டா மோனிகாவின் தென்பகுதியும் வெனிஸும் சேர்ந்த, டாக்டவுன் என்று பட்டப்பெயர் பெற்ற கடற்கரைதான் களம். இன்று வீட்டு விலை விண்ணைத் தொடும் அந்தப் பகுதி, 1970களின் தொடக்கத்தில் கைவிடப்பட்ட நிலையில் கிடந்தது. 1958இல் திறக்கப்பட்டு 1967இல் மூடப்பட்ட பசிபிக் ஓஷன் பார்க் என்ற கேளிக்கைப் பூங்காவின் இடிபாடுகள் கடலுக்குள் நீட்டிக்கொண்டிருந்தன. துருப்பிடித்த இரும்பும் உளுத்துப்போன மரத்தூண்களும் நிற்கும் அந்த நீரில், தூண்களுக்கு நடுவே புகுந்து புறப்பட்டு அலைச்சறுக்கப் பழகிய பதின்பருவத்தினர்தாம் படத்தின் நாயகர்கள். வெளியாட்கள் அங்கே வந்தால் மேலேயிருந்து கல்லும் கண்ணாடியும் பறந்து வரும். ஜெஃப் ஹோ, ஸ்கிப் எங்ப்லோம், கிரெய்க் ஸ்டெசிக் ஆகிய மூவரும் நடத்திய ஸெஃபர் என்ற அலைப்பலகைக் கடை இந்தப் பிள்ளைகளுக்கு வீட்டுக்கு மாற்றான திண்ணையாக இருந்தது. அந்தக் கடையின் பெயரில் உருவான பன்னிரண்டு பேர் கொண்ட ஸ்கேட்போர்டு அணியில் டோனி ஆல்வா, ஜே ஆடம்ஸ், ஒரே பெண்ணான பெக்கி ஓகி ஆகியோருடன் பெரால்டாவும் இருந்தார். படத்தின் பெயரிலுள்ள ஸீ-பாய்ஸ் இந்த அணியினரே.

இந்தப் படத்தில் நான் மிகவும் மதிப்பது, ஒரு பாணி எப்படிப் பிறந்தது என்பதை அது பொருள்களின் வழியாகவே விளக்கிச் செல்லும் விதத்தை. மேதைகள் பிறந்தார்கள், புரட்சி நடந்தது என்று மட்டும் சொல்லிவிட்டு நகர்ந்திருக்கலாம். அப்படிச் செய்யாமல் சக்கரத்திலிருந்து தொடங்குகிறது. 1960களின் நடுப்பகுதியில் ஸ்கேட்போர்டு மோகம் ஒருமுறை வந்து அடங்கிவிட்டிருந்தது. அன்றைய சக்கரங்கள் களிமண் கலவையால் ஆனவை, தரையைப் பிடிக்காதவை, சிறு கல் குறுக்கே வந்தாலும் பலகையை அப்படியே நிறுத்தி ஆளை முன்னால் தூக்கி எறிபவை. 1970களின் தொடக்கத்தில் ஃபிராங்க் நாஸ்வொர்த்தி என்பவர் யூரித்தேன் சக்கரங்களைப் பலகையில் பொருத்தி, கெடிலாக் என்ற பெயரில் விற்பனைக்குக் கொண்டுவந்தார். யூரித்தேன் தரையைப் பற்றும், கல்லின் மேல் ஏறி இறங்கும், வளைவில் வழுக்காது. அலை இல்லாத பிற்பகல்களில் என்ன செய்வது என்று தெரியாமல் திரிந்த பிள்ளைகளுக்கு, கடலில் செய்ததையெல்லாம் தார்த்தரையிலும் செய்யலாம் என்ற வழி அப்போதுதான் திறந்தது. மலைச்சரிவை வெட்டிக் கட்டிய பள்ளிகளில் விளையாட்டுத் திடலின் ஓரங்கள் தார் பூசிய சரிவுகளாக இருந்தன. அவற்றை அவர்கள் அலைகளாகவே பாவித்தார்கள். ஹவாய் சறுக்கு வீரர் லாரி பெர்ட்டில்மனைப் பார்த்து, முழங்காலை மடக்கி, உடலைத் தரையோடு தரையாகத் தாழ்த்தி, ஒரு கையைத் தரையில் ஊன்றி அதையே அச்சாக்கித் திரும்பும் அசைவு அங்கே பிறந்தது.

1975இல் டெல் மாரில் நடந்த தேசியப் போட்டியைப் படம் நிதானமாகக் காட்டுகிறது. மற்ற போட்டியாளர்கள் பலகையின் மேல் நிமிர்ந்து நின்று, கைகளால் தலைகீழாக நின்று, உடற்பயிற்சி ஆசிரியர் மதிப்பெண் போடுவதற்கு ஏற்ற வித்தைகளைச் செய்துகொண்டிருக்கிறார்கள். ஸெஃபர் அணியினர் கிழிந்த ஜீன்ஸும் ஒரே நிறச் சட்டையுமாக வந்து, தரையை உரசிக்கொண்டு வளைகிறார்கள். நடுவர்களுக்கு இதை எந்தக் கணக்கில் சேர்ப்பது என்று தெரியவில்லை. பழைய காட்சித் துண்டுகளில் ஜே ஆடம்ஸின் ஓட்டத்தைப் பார்த்தால், நடுவர்களின் குழப்பத்தில் நியாயம் இருக்கிறது என்றே தோன்றும். அவன் போட்டிக்காக எதையும் செய்வதாகத் தெரியவில்லை, உடம்பு எங்கே இழுக்கிறதோ அங்கே போகிறான்.

அதன் பிறகுதான் வறட்சி வருகிறது. 1976, 1977 ஆண்டுகளில் கலிபோர்னியாவைக் கடும் வறட்சி வாட்டியது; தண்ணீர்க் கட்டுப்பாடுகளால் வசதியான வீடுகளின் கொல்லைப்புற நீச்சல் குளங்கள் காலியாகக் கிடந்தன. தென் கலிபோர்னியாவின் குளங்களுக்கு ஒரு தனி அமைப்பு உண்டு. அடித்தளமும் சுவரும் செங்கோணத்தில் சந்திப்பதில்லை; கிண்ணம்போல் குழிந்து மேலேறி, விளிம்புக்கு ஓர் அடி இரண்டடி கீழேதான் செங்குத்தாகின்றன. அந்தச் செங்குத்துப் பகுதியில் நீலப் பட்டையாக ஓடு பதித்திருப்பார்கள். அதற்கு மேல் உருண்டையான விளிம்புக்கல். அதாவது, நீர் போன குளம் என்பது அசையாமல் நின்றுவிட்ட ஓர் அலை. இந்தப் பிள்ளைகள் ஆள் இல்லாத வீடுகளைத் தேடி வேலி ஏறிக் குதித்தார்கள்; அடியில் தேங்கிய அழுக்குநீரை இறைப்பான் வைத்து வெளியேற்றினார்கள்; காவலர் வருகிறாரா என்று பார்க்க ஒருவரை நிறுத்திவிட்டுச் சறுக்கினார்கள். முதலில் பாதிச் சுவர், பிறகு நீல ஓடு, பிறகு விளிம்புக்கல்லில் இரும்பு அச்சு உரசும் சத்தம். அடுத்த கட்டமாக விளிம்பைத் தாண்டி வெற்றுவெளியில் எழும்பிப் பலகையைக் கையால் பிடித்துத் திரும்பி மறுபடி குளத்துக்குள் இறங்குவது. 1977இல் டோனி ஆல்வா அதைச் செய்ததாகப் படம் சொல்கிறது, ஸ்கேட்போர்டு வரலாறும் பெரும்பாலும் அதையே ஏற்கிறது. இன்று ஒலிம்பிக்கில் நாம் பார்க்கும் பூங்காப் பிரிவுப் போட்டியின் கிண்ணக் களத்துக்கு மூலம் இந்தக் கொல்லைப்புறக் குளங்களே.

சக்கரம், சரிவு, வறட்சி, குளத்தின் வளைவு ஆகிய நான்கும் ஓரிடத்தில் கூடாமல் இருந்திருந்தால் இந்தப் பன்னிரண்டு பேரும் ஊர்ப் பிள்ளைகளாகவே வளர்ந்து காணாமல் போயிருப்பார்கள். படம் இதை மறைக்கவில்லை என்பது அதன் நேர்மை. ஆனால் ஐந்தாவதாக ஒன்று இருக்கிறது. அதைப் படம் கண்முன்னே வைத்திருந்தும் எண்ணிக்கையில் சேர்ப்பதில்லை. கடைக்காரர்களில் ஒருவரான கிரெய்க் ஸ்டெசிக் புகைப்படக்காரர், ஓவியர், எழுத்தாளர். 1975இல் மீண்டும் வெளிவரத் தொடங்கிய 'ஸ்கேட்போர்டர்' இதழில், சொந்தப் பெயரிலும் ஜான் ஸ்மைத் போன்ற புனைபெயர்களிலும் இந்தக் கூட்டத்தைப் பற்றி அவர் தொடர்ந்து எழுதினார், படங்களும் அவருடையவையே. க்ளென் ஃப்ரீட்மன் என்ற சிறுவனும் குளத்தின் விளிம்பில் படுத்துக்கொண்டு படமெடுத்தான்; அவனுடைய படங்கள் அச்சேறத் தொடங்கியபோது அவனுக்கு வயது பதினான்கு. இந்த இருவரின் படங்களும் இல்லையென்றால் 2001இல் பெரால்டாவுக்குப் படமே இல்லை. காட்சித்துண்டுகள் போதாத இடங்களில் எல்லாம் ஒளிப்படத்தையே நெருங்கி, விலகி, அதிரவைத்து, புரட்டிப்போட்டு ஓட்டமாக மாற்றியிருக்கிறார் படத்தொகுப்பாளர் பால் கிரவுடர். ஸ்டெசிக் படத்தின் இணை எழுத்தாளரும்கூட. ஆக, அன்று புராணத்தை எழுதியவரே இன்று அந்தப் புராணத்தின் வரலாற்றையும் எழுதுகிறார்.

காலிக் குளத்தில் சறுக்கியவர்கள் இவர்களுக்கு முன்பும் இருந்தார்கள். 1960களிலேயே கலிபோர்னியாவில் அது நடந்திருக்கிறது. அவர்களுக்கு ஒரு ஸ்டெசிக் இல்லை, அவ்வளவுதான். இதைச் சொல்வது டாக்டவுன் பிள்ளைகளின் திறமையைக் குறைப்பதற்காக அல்ல. ஆல்வாவின் உடலசைவைப் பார்க்கிற எவரும் அதை மறுக்க முடியாது. ஆனால் திறமையும் ஆவணமும் சேர்கிற இடத்தில்தான் முன்னோடி என்ற பட்டம் கிடைக்கிறது என்பதை, வேறு எந்தத் துணைப்பண்பாட்டைக் காட்டிலும், கேமராவைக் கையிலேயே வைத்துக்கொண்டு வளர்ந்த இந்த உலகம் தெளிவாகக் காட்டுகிறது.

படத்தின் பணம் வேன்ஸ் காலணி நிறுவனத்திடமிருந்து வந்தது. இந்தப் பிள்ளைகள் அன்று அணிந்தவை அந்த நிறுவனத்தின் காலணிகளே. இயக்குநர் தன்னையும் பேட்டி கொடுப்பவராக உட்காரவைத்துக்கொள்கிறார். ஹென்றி ரோலின்ஸ், இயன் மக்கே போன்ற பங்க் இசைக்காரர்கள் வந்து இந்தக் கூட்டம் தங்களை எப்படிப் பாதித்தது என்று வியந்து பேசுகிறார்கள். ஒரு கட்டத்துக்குமேல் புகழ்மாலை கொஞ்சம் கனத்துப்போகிறது என்பதை மறைக்க விரும்பவில்லை. இத்தனைக்கும் நடுவில் ஒரு சிறு இடம் எனக்குப் பிடிக்கும்: பின்னணிக் குரல் கொடுக்கும் ஷான் பென் வாசிப்பின் நடுவே தொண்டையைச் செருமுகிறார், அதை வெட்டி எறியாமல் அப்படியே விட்டிருக்கிறார்கள். ஸெஃபர் அணியின் பன்னிரண்டு பேரில் ஒருவரைத் தவிர அனைவரும் படத்தில் பேசுகிறார்கள். அந்த ஒருவரான கிறிஸ் கேஹில் எங்கிருக்கிறார் என்பது தெரியவில்லை என்று படம் சொல்லிவிட்டு நகர்கிறது. அந்தச் சில நொடிகள், மற்ற எல்லாப் புகழுரைகளையும்விட எனக்கு அந்தக் காலத்தைப் பற்றி அதிகம் சொல்கின்றன.

இங்கே பெனலபி ஸ்பீரிஸை ஒப்பிடாமல் இருக்க முடியவில்லை. அதே லாஸ் ஏஞ்சலஸில், 1979 டிசம்பருக்கும் 1980 மே மாதத்துக்கும் இடையில், அங்கு உருவாகிக்கொண்டிருந்த பங்க் இசைக் கூட்டத்தை அவர் படமெடுத்தார். 1981இல் 'தி டிக்ளைன் ஆஃப் வெஸ்டர்ன் சிவிலைசேஷன்' என்ற பெயரில் அது வெளிவந்தபோது, அந்த நகரத்தின் காவல்துறைத் தலைவர் டேரில் கேட்ஸ் அதைத் திரையிட வேண்டாம் என்று கடிதமே எழுதினார். பெரால்டா கால் நூற்றாண்டு கழித்துத் திரும்பிப் பார்க்கிறார். ஸ்பீரிஸ் நடக்கும்போதே பார்க்கிறார். இந்த வேறுபாடு சிறியதல்ல. பெரால்டாவின் படத்தில் பேசுகிற எல்லோருக்கும் தாங்கள் வரலாறு என்பது தெரியும். வாக்கியங்கள் பலமுறை சொல்லிப் பழகியவையாக வருகின்றன. ஸ்பீரிஸின் படத்தில் பேசுகிற யாருக்கும் அடுத்த மாதம் எங்கே தூங்குவோம் என்பதுகூடத் தெரியாது. பிளாக் ஃபிளாக் குழுவினர் ஒரு பழைய தேவாலயத்தில் தங்கியிருக்கிறார்கள். பாடகர் ரான் ரேயஸ் தான் படுத்துறங்கும் மறைவிடத்தைக் காட்டுகிறார், அது அறை அல்ல, துணி வைக்கும் மாடம். ஜெர்ம்ஸ் குழுவின் டார்பி கிராஷ் அடுப்படியில் முட்டை பொரித்துக்கொண்டே பேசுகிறார். பேட்டிகளில் ஸ்பீரிஸின் குரல் கேமராவுக்குப் பின்னாலிருந்து வரும்: எதற்காக, எப்போது, வலிக்கவில்லையா என்று சின்னச் சின்னக் கேள்விகள். படம் திரைக்கு வருமுன், 1980 டிசம்பர் 7 அன்று டார்பி கிராஷ் தன் 22ஆம் வயதில் இறந்துபோனார். அவரைத் திரும்ப உட்காரவைத்து, அந்த நாள்கள் எப்படி இருந்தன என்று எந்தப் பெரால்டாவும் கேட்க முடியாது.

வெளியிலிருந்து வருகிறவர் என்பதால் ஸ்பீரிஸ் சுத்தமான சாட்சி என்றும் சொல்லிவிட முடியாது. 1988இல் ஹெவி மெட்டல் இசைக் கூட்டத்தைப் பற்றி அவர் எடுத்த இரண்டாம் பகுதியில் பாடகர் ஆஸி ஆஸ்போர்ன் காலை உணவு சமைக்கிறார். கை நடுங்கி ஆரஞ்சுச் சாறு மேசையில் சிந்துகிறது. அந்தச் சிந்தலைத் தானே பின்னர் படமெடுத்துச் சேர்த்ததாக ஸ்பீரிஸ் ஒப்புக்கொண்டிருக்கிறார். அதே படத்தில் கிறிஸ் ஹோம்ஸ் என்ற கிதார் கலைஞர் நீர் நிறைந்த குளத்தில் மிதவை நாற்காலியில் உட்கார்ந்து வோட்காவைத் தலையில் ஊற்றிக்கொள்கிறார். கரையில் அவருடைய தாய் எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டு அமர்ந்திருக்கிறார். அதில் எதையும் சேர்க்கத் தேவைப்படவில்லை. வீடற்ற பங்க் இளைஞர்களைப் பற்றிய மூன்றாம் பகுதி 1998இல் வந்தது. அதை எடுத்த அனுபவத்துக்குப் பிறகு ஸ்பீரிஸ் ஆதரவற்ற குழந்தைகளை ஏற்று வளர்க்கும் வளர்ப்புத் தாயாகப் பதிந்துகொண்டார். வெளியிலிருந்து வருகிறவருக்கும் திரும்பிப் போவது எளிதாக இருப்பதில்லை போலும்.

பெரால்டாவின் அடுத்த படமான 'ரைடிங் ஜயண்ட்ஸ்' 2004இல் சன்டான்ஸ் விழாவின் தொடக்கப் படமாகத் திரையிடப்பட்டது. ஓர் ஆவணப்படத்துக்கு அந்த இடம் கிடைத்தது அதுவே முதல்முறை. பேரலைகளில் சறுக்கியவர்களின் மூன்று தலைமுறைக் கதை அது. முதல் பகுதியின் நாயகர் கிரெக் நோல், கறுப்பு வெள்ளைப் பட்டை போட்ட சிறைச்சீருடை போன்ற அரைக்கால்சட்டையோடு 1957 நவம்பரில் நண்பர்களுடன் ஹவாயின் வைமியா வளைகுடாவில் இறங்கியவர். 1943இல் டிக்கி கிராஸ் என்ற இளைஞர் அங்கே மூழ்கிய பிறகு யாரும் நெருங்காமல் இருந்த நீர் அது. மூன்றாம் பகுதியில் லேர்ட் ஹாமில்டன், ஜெட் ஸ்கியில் கயிறு கட்டி இழுத்துச்செல்லப்பட்டு, கையால் துடுப்பிட்டுப் பிடிக்கவே முடியாத வேகத்தில் ஓடும் அலைகளுக்குள் நுழைகிறார். பிரமிப்பான காட்சிகள்தாம். ஆனாலும் அலையின் உயரம் கூடக்கூட மனிதர் சிறுத்துப்போவது கண்ணுக்கு மட்டுமல்ல, கதைக்கும் நேர்ந்துவிடுகிறது.

நடுப்பகுதிதான் என்னை நிறுத்தியது. வடக்கு கலிபோர்னியாவில் ஹாஃப் மூன் பே ஊரருகே, கரையிலிருந்து தள்ளி, பாறைகளுக்கு அப்பால் எழும் மாவெரிக்ஸ் அலையை 1975இல் ஜெஃப் கிளார்க் என்ற 17 வயதுப் பையன் தனியாகத் துடுப்பிட்டுப் போய்ச் சறுக்கினான். நீர் உறையவைக்கும் குளிர், சுறாக்கள் நடமாடும் இடம், விழுந்தால் இழுத்துவர ஆள் இல்லை. கலிபோர்னியாவில் அப்படி ஓர் அலை இருக்கிறது என்று சொன்னால் நம்பவும் ஆள் இல்லை. ஏறத்தாழ 15 ஆண்டுகள் அவர் அங்கே தனியாகவே சறுக்கினார். 1990இல் வேறு சிலர் உடன் வந்து கண்ணால் பார்த்தார்கள். 1992இல் 'சர்ஃபர்' இதழ் அந்த அலையை அட்டையில் போட்டது. அதற்குப் பிறகே உலகத்துக்கு அந்த இடம் தெரிந்தது. 1994 டிசம்பரில் ஹவாயின் புகழ்பெற்ற வீரர் மார்க் ஃபூ அங்கே இறந்தபோது அதன் பெயர் எல்லா இடத்துக்கும் போய்ச் சேர்ந்துவிட்டது. டாக்டவுனுக்கு நேர்மாறான கதை இது. அங்கே ஒவ்வொரு திருப்பத்துக்கும் ஒரு புகைப்படம் இருந்தது. இங்கே பதினைந்து ஆண்டுகளுக்குக் கிளார்க்கின் வாய்ச்சொல்தான் இருக்கிறது. அந்த ஆண்டுகளில் கிளார்க் முன்னோடியா? சாட்சி வந்தபிறகுதான் முன்னோடி ஆனாரா? பெரால்டா இந்தக் கேள்வியைக் கேட்பதில்லை. ஆனால் தன் வழக்கமான வேகத்தை அந்தப் பகுதியில் அவர் குறைத்திருப்பதை உணர முடிகிறது. ஒரு மனிதர் தன் வாழ்வின் பெரிய விஷயத்தை யாருக்கும் காட்ட இயலாமல் இத்தனை ஆண்டுகள் வைத்திருந்தார் என்பது, முகத்தைப் பார்த்து அவர் சொல்வதைக் கேட்டாலே போதும் என்ற அளவுக்குக் கனமானது.

2008இல் வந்த 'கிரிப்ஸ் அண்ட் பிளட்ஸ்: மேட் இன் அமெரிக்கா' அவருக்கு முற்றிலும் அயலான களம். தெற்கு லாஸ் ஏஞ்சலஸின் கறுப்பின இளைஞர் கும்பல்களின் தோற்றத்தை அது ஆராய்கிறது. கறுப்பினத்தவர் குறிப்பிட்ட தெருக்களைத் தாண்டி வீடு வாங்க முடியாதபடி செய்த ஒப்பந்தங்கள், 1965இல் அங்குள்ள வாட்ஸ் பகுதியில் நடந்த கலவரம், ஆலைகள் மூடப்பட்டு வேலைகள் போனது என்று, முதல் படத்தில் சக்கரத்தையும் வறட்சியையும் அடுக்கிய அதே முறையில் காரணங்களை அடுக்குகிறார். முறை பொருந்துகிறது, பெரால்டாவின் படங்களில் மிகக் குறைவாகப் பேசப்படும் இதுவே அவருடைய முறை எவ்வளவு உறுதியானது என்பதைக் காட்டுகிறது. ஆனால் இங்கே அவருக்கு யாரையும் பெயர் சொல்லிக் கூப்பிடும் உரிமை இல்லை, அந்த விலகல் படம் முழுக்கத் தெரிகிறது.

என் தேர்வு 2012இன் 'போன்ஸ் பிரிகேட்: ஆன் ஆட்டோபயோகிராபி'. 1978இல் ஜார்ஜ் பவல் என்ற பொறியாளருடன் சேர்ந்து பவல் பெரால்டா என்ற பலகை நிறுவனத்தை அவர் தொடங்கியபோது, நட்சத்திரங்களை விலைக்கு வாங்காமல், யாரும் பொருட்படுத்தாத சிறுவர்களைத் தேடிப் பிடித்தார். டோனி ஹாக், ராட்னி மல்லன், ஸ்டீவ் கபாயெரோ, லான்ஸ் மவுண்டன், டாமி கெரேரோ, மைக் மெக்கில் ஆகியோர் அப்படிச் சேர்ந்தவர்கள். அந்த அணியின் பெயர்தான் போன்ஸ் பிரிகேட். 1970களின் இறுதியில் காப்பீட்டுச் சிக்கல்களால் ஸ்கேட்போர்டு பூங்காக்கள் ஒவ்வொன்றாக மூடப்பட, விளையாட்டே செத்துவிட்டது என்று பலரும் முடிவுகட்டிய காலம் அது. வீடியோ கேசட் வீடுகளுக்குள் நுழைந்துகொண்டிருந்ததைக் கவனித்த பெரால்டா, 1984 முதல் தன் அணியை வைத்துக் கேசட் படங்கள் எடுக்கத் தொடங்கினார். கேமராவைத் தாழ்வாகப் பிடித்துக்கொண்டு, தானும் பலகையில் ஏறிப் பின்னாலேயே போய் எடுத்த ஓட்டங்கள் அவை. பூங்காவே இல்லாத ஊர்ப் பிள்ளைகள் அந்தக் கேசட்டை நிறுத்தி நிறுத்திப் பார்த்துத்தான் கற்றுக்கொண்டார்கள். ஸ்டெசிக்கின் புகைப்படம் டாக்டவுனுக்குச் செய்ததை, பெரால்டாவின் கேசட் அடுத்த தலைமுறைக்குச் செய்தது. இம்முறை ஆவணம் தற்செயலாக அமையவில்லை; அவரே அதைத் திட்டமிட்டார், விற்றார், லாபமும் பார்த்தார்.

இந்தப் படத்தில் கண்டுபிடிப்புகள் எவ்வளவு சின்ன இடத்திலிருந்து வருகின்றன என்பதைப் பாருங்கள். சிறுவன் டோனி ஹாக் எடையே இல்லாத ஒல்லிப்பிச்சான். மற்றவர்கள் விளிம்பை அடையும் முன்பே பலகையைக் கையால் பிடித்துத் தூக்கிக்கொண்டு மேலே எழும்புவார்கள். அவனுக்கு அந்த வலு இல்லை. ஆகவே கையை விட்டுவிட்டுக் காலாலேயே எழும்பி, காற்றில் போன பிறகு பலகையைப் பிடித்தான். ஏமாற்று வேலை, சர்க்கஸ் என்று மூத்தவர்கள் கேலி செய்தார்கள். பிறகு எல்லோரும் அப்படித்தான் செய்யத் தொடங்கினார்கள். ராட்னி மல்லன் ஃபுளோரிடாவில் ஒரு பண்ணையில் வளர்ந்தவர். முதல் பெரிய காயம் பட்டதும் பலகையை விட்டுவிட வேண்டும் என்ற நிபந்தனையோடுதான் அவருடைய தந்தை பலகை வாங்கச் சம்மதித்தார். ஆகவே உடம்பெல்லாம் காப்புப் பட்டைகளைக் கட்டிக்கொண்டு, சமதளக் கான்கிரீட்டில், பெரும்பாலும் தனியாக, மணிக்கணக்கில் பயின்றார். குளத்தின் வளைவில் ஆலன் கெல்ஃபாண்ட் கண்டுபிடித்த, கையால் தொடாமல் பலகையோடு எழும்பும் 'ஆலி'யை மல்லன் வெறும் சமதளத்துக்குக் கொண்டுவந்தார். பலகையை அந்தரத்தில் காலால் புரட்டி மீண்டும் மிதித்து நிற்கும் 'கிக்ஃபிளிப்' அவருடையது. இன்று உலகத்தின் எந்தத் தெருவில் ஒரு பிள்ளை பலகையோடு நடைமேடைமேல் எகிறினாலும் அது மல்லனிடம் பட்ட கடன். கேமராவைப் பார்த்து அவர் பேசும்போது ஒவ்வொரு சொல்லையும் தேடி எடுக்கிறார். தந்தையின் பேச்சு வரும் இடங்களில் தேடியும் கிடைப்பதில்லை.

லான்ஸ் மவுண்டன் அழுகிறார். அணியில் மற்ற எல்லோரையும்விடத் தனக்குத் திறமை குறைவு என்ற எண்ணம் அவரை விட்டுப் போகவே இல்லை என்பது, ஐம்பதை நெருங்கும் ஒரு மனிதரின் முகத்தில் அப்போதுதான் நடந்ததுபோல் தெரிகிறது. இந்தக் கண்ணீர் வெளியாள் ஒருவரின் கேமராவுக்கு முன் வந்திருக்காது. எதிரே உட்கார்ந்து கேட்பவர் அவரைச் சிறுவனாக அணியில் சேர்த்தவர், கூடவே அவரை வைத்துப் பலகை விற்றவர். பெரால்டா உள்ளாள் என்பதன் முழுப் பயனும் முழுச் சிக்கலும் அந்த ஒரு நாற்காலியில் சேர்ந்து உட்கார்ந்திருக்கின்றன. முதல் படத்தில் தோழர்களைப் பற்றிப் பெருமை பேச அவருக்கு அவசரம் இருந்தது. இதில் தான் வளர்த்தவர்களிடம், அது அவர்களுக்கு எப்படி இருந்தது என்று கேட்கிறார். விற்பனையும் பாசமும் எங்கே பிரிந்தன என்ற கேள்வியை இன்னும் ஓரடி முன்னால் தள்ளியிருக்கலாம் என்பது என் குறை. அவர் 1990களின் தொடக்கத்தில் நிறுவனத்தை விட்டு வெளியேறிய கதை தேவைக்கும் குறைவான நேரத்தில் கடந்துபோகிறது.

2022இல் பெரால்டா மீண்டும் கடலுக்குப் போனார். 'தி யின் அண்ட் யாங் ஆஃப் ஜெர்ரி லோப்பஸ்' படத்தின் நாயகர், ஹவாயின் பைப்லைன் அலைக்குழாய்க்குள் நிதானமாக நின்று சறுக்கிய காட்சிகளால் 1970களில் அந்த அலையின் முகமாகவே ஆனவர், யோகாசனம் பயில்பவர், அமைதிக்குப் பெயர்போனவர். பார்த்தவர்கள் எல்லோரும் அந்த நிதானத்தைத்தான் புகழ்ந்தார்கள், ஏனெனில் படச்சுருள்களில் பதிவாகியிருந்தது அது மட்டுமே. பெரால்டாவின் படம் அதற்கு வெளியே இருப்பதையும் கேட்கிறது: அந்த அலையில் தனக்கான இடத்தைப் பிடிக்க அதே மனிதர் மற்றவர்களை எவ்வளவு இரக்கமில்லாமல் ஒதுக்கித்தள்ளினார், அவருடைய அலையில் குறுக்கே வந்தவர்களுக்கு என்ன நேர்ந்தது என்பதையெல்லாம். லோப்பஸ் அதை மறுக்காமல், சிரித்த முகத்தோடு, தானே எடுத்துச் சொல்கிறார். டாக்டவுன் படத்தை எடுத்த பெரால்டா இதைக் கேட்டிருப்பாரா என்பது சந்தேகமே.

இன்னும் எடுக்கப்படாத ஒரு படத்தை நான் அவரிடமிருந்து எதிர்பார்க்கிறேன். அது பெக்கி ஓகியைப் பற்றியது. பன்னிரண்டு பேரில் ஒரே பெண். டெல் மார் போட்டியில் அவருடைய ஓட்டத்தைப் பார்த்தவர்கள் அது ஆண் பிள்ளைகளின் ஓட்டம்போல் இருக்கிறது என்று சொன்னதைப் பாராட்டாகவும் குறையாகவும் ஒரே நேரத்தில் சுமந்தவர். பிறகு ஓவியராகவும் திமிங்கிலங்களுக்காகக் குரல்கொடுப்பவராகவும் வாழ்ந்துவருபவர். முதல் படத்தில் அவருக்குக் கிடைத்தவை சில நிமிடங்கள். ஸ்டெசிக்கின் பெட்டிகளில் ஓகியின் புகைப்படங்கள் எத்தனை இருக்கின்றன என்பதைப் பொறுத்தது நான் எதிர்பார்க்கும் அந்தப் படம்.